வழக்கொழிந்த வழக்காளி

அன்புள்ள தங்கைக்கு,

ஷேக்ஸ்பியரின் சிம்பலின் நாடகத்தில் நீ மொழிபெயர்த்து அனுப்பிய மூன்றாம் அங்கத்தை இரண்டு முறை படித்தேன். முதல் முறை மூலத்தைத் தொடவில்லை. இரண்டாம் முறை மூலத்தை மடியில் வைத்துக்கொண்டு வரிவரியாகப் போனேன். இரண்டு முறையும் நாலாம் காட்சியில் ஒரே இடத்தில் நின்றுவிட்டேன். ஆண் வேடத்தில் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று வேலைக்காரன் பிசானியோ நாயகி இமோஜெனுக்குச் சொல்லிக்கொடுக்கிற இடம். 'மரநாயைப் போல் இகல் மிக்கு' என்று எழுதியிருக்கிறாய். ஓரத்தில் பென்சிலால் ஒரு குறிப்பு: 'அக்கா, மூலச் சொல் வழக்கொழிந்தது. அதனால்தான் பழந்தமிழ்ச் சொல் போட்டேன்.'

அந்தக் குறிப்புக்குத்தான் இந்தக் கடிதம்.

மூலத்தில் இருப்பது 'குவாரலஸ்' என்கிற சொல். சண்டைக்கு நிற்கிற, எளிதில் சீறுகிற என்று பொருள். இன்றைய ஆங்கிலத்தில் யாரும் அதைச் சொல்வதில்லை, 'குவாரல்சம்' என்றுதான் சொல்கிறார்கள். ஆக்ஸ்போர்டு பேரகராதியில் இறந்த சொற்களின் தலையில் ஒரு சிறு குத்துவாள் குறி போட்டிருப்பார்கள். அந்தக் குறியைப் பார்த்தவுடன் நமக்கும் கை தானாகச் சங்கத் தமிழுக்குப் போய்விடுகிறது. பழையதற்குப் பழையது, கணக்கு நேராகிவிட்டது என்று மனம் ஆறுகிறது. நானும் பல வருடம் அப்படித்தான் செய்தேன்.

ஆனால் அந்தச் சொல் யாருக்கு இறந்தது? நமக்கு. பிசானியோவுக்கு இல்லை. சைமன் ஃபோர்மன் என்கிற சோதிடர் இந்த நாடகத்தைப் பார்த்துவிட்டுத் தன் குறிப்பேட்டில் எழுதி வைத்தது 1611ஆம் ஆண்டு வாக்கில். அன்று அவரோடு அரங்கில் இருந்தவர்கள் இந்தச் சொல்லைக் கேட்டதும் அகராதியைத் தேடியிருக்க மாட்டார்கள். உயிருக்குப் பயந்து காட்டில் நிற்கிற ஒரு பெண்ணிடம், அவள் கணவனின் வேலைக்காரன் அவசரமாகச் சொல்கிற யோசனை அது. அவளைக் கொல்லும்படி எஜமானன் கடிதம் எழுதியிருக்கிறான். இவனுக்கு மனம் வரவில்லை. அவளுக்கு ஆண் உடை கொடுத்து, ரோமானியத் தளபதியிடம் வேலைக்குச் சேர்ந்து பிழைத்துக்கொள் என்கிறான். அந்த நேரத்தில் எவன் 'இகல்' என்பான்?

இகல் பெரிய சொல். வள்ளுவர் அதற்கு ஓர் அதிகாரமே கொடுத்திருக்கிறார், 86ஆவது. ஒத்துப்போகாத உள்ளத்தின் நோய் அது, குடியையும் கோலையும் கெடுக்கும் பகை. எடுபிடிப் பையனின் துடுக்குத்தனத்தின் மேல் அதைத் தூக்கி வைத்தால் பையன் நசுங்கிப்போவான்.

ஆகவே, பழைய நூலில் பழைய சொல்லைக் கண்டால் முதலில் கேட்க வேண்டியது, பேசியவன் வாயில் அது பழசாக இருந்ததா என்பதுதான். சில இடத்தில் இருக்கும். ஷேக்ஸ்பியரே ஒரு பாத்திரத்தைப் பழம்பாணியில் பேசவைக்கும்போது நாமும் பழமைக்குப் போகலாம், போகவும் வேண்டும். மற்ற இடங்களில் சொல்லின் மேல் படிந்த நானூறு வருடத் தூசியை நாம் மொழிபெயர்க்க வேண்டியதில்லை.

இனி இந்தச் சொல்லின் பிறப்பைப் பார். எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது. கொஞ்சம் நீண்டால் பொறுத்துக்கொள்.

'குவாரல்' என்றால் இன்று சண்டை. ஆனால் அது சண்டையாகப் பிறக்கவில்லை. லத்தீனில் 'குவெரேலா' என்றால் முறையீடு, குறை சொல்லுதல். பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தபோதும் அதற்குப் புகார், குற்றச்சாட்டு என்ற பொருள்தான் முதலில் இருந்தது. இடைக்கால இங்கிலாந்தின் நீதிமன்ற ஏடுகளில் வாதிக்குப் பெயர் 'குவெரன்ஸ்', அதாவது முறையிடுகிறவர். நம் கிராமத்துப் பேச்சில் சொன்னால் பிராது கொடுத்தவர். பிராது கொடுத்தால் எதிராளி வருவான். எதிராளி வந்தால் வாக்குவாதம் வரும். வாக்குவாதம் முற்றினால் கைகலப்பு. சொல்லும் அதே வழியில் நடந்து, முறையீட்டில் தொடங்கிச் சண்டையில் வந்து நின்றுவிட்டது. அதே வேரிலிருந்து வந்த 'குவெருலஸ்' என்ற சொல் மட்டும் பிறந்த வீட்டிலேயே தங்கிவிட்டது. இன்றும் அதற்குச் சண்டை போடுகிற என்று பொருளில்லை, சதா குறைப்பட்டுக்கொண்டு முனகுகிற என்றுதான். இந்த இரண்டும் எழுத்தில் அக்காள் தங்கை போல இருக்கும். ஒன்றை மற்றொன்றாகப் படித்துவிட்டால் சீறுகிறவன் சிணுங்குகிறவன் ஆகிவிடுவான். நீ அந்தத் தவறைச் செய்யவில்லை, அதைக் கண்டு மகிழ்ந்தேன்.

இப்போது உன் பென்சில் குறிப்பை நீயே திரும்பப் படி. 'வழக்கொழிந்தது' என்று எழுதியிருக்கிறாய். வழக்கு என்றால் மக்கள் புழங்குவது: உலக வழக்கு, செய்யுள் வழக்கு, பேச்சு வழக்கு. வழக்கு என்றால் மன்றத்தில் முறையிடுவதும்தான். கண்ணகி பாண்டியன் அவையில் நின்று முறையிட்ட பகுதிக்கு இளங்கோ வைத்த பெயர் வழக்குரை காதை. வழக்காடுதல் என்றால் நீதிமன்றத்திலும் வாதாடலாம், வீட்டுத் திண்ணையிலும் மல்லுக்கு நிற்கலாம். இலங்கைத் தமிழர் இன்றும் வாதியை வழக்காளி என்கிறார்கள். ஆங்கிலச் சொல் பிராதிலிருந்து சண்டைக்குப் போன அதே தடத்தில் நம் சொல்லும் கால் வைத்திருக்கிறது. இரண்டு மொழிக்கும் உறவு கிடையாது. ஆனாலும் குறை சொல்லப் போனவன் சண்டைக்காரனாகத் திரும்பி வருவதை இரண்டு ஊர்க்காரர்களும் பார்த்திருக்கிறார்கள். இப்படி ஒரு பொருத்தம் கண்ணில் படுகிற நாட்களுக்காகத்தான் நான் இந்த வேலையை விடாமல் செய்துகொண்டிருக்கிறேன். இதற்காக வழக்காளி என்ற சொல்லை அங்கே போட்டுவிடாதே, பொருந்தாது. தெரிந்து வைத்துக்கொள், போதும்.

இதே எழுத்துக் கூட்டில் இன்னொரு 'குவாரல்' உண்டு, எச்சரிக்கை. அது குறுக்குவில்லில் பூட்டுகிற தடித்த அம்பு. அதன் முனை சதுரமாக இருந்ததால் சதுரத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. முறையீட்டுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. என் முதல் புத்தகத்தில், ஒரு கோட்டை முற்றுகைக் காட்சியில், அம்பு வர வேண்டிய இடத்தில் சச்சரவு என்று எழுதிவிட்டேன். அச்சான பிறகுதான் கண்டேன். வாசகர்கள் என்னை நம்பிப் படித்த பக்கம் அது. அன்றிலிருந்து தெரிந்த சொல்லையும் ஒரு முறை அகராதியில் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன்.

ஏன் ஒரு வடிவம் செத்து மற்றது பிழைத்தது என்று போன மாதம் கேட்டிருந்தாய். இறுதியான காரணம் என்று எதையும் யாராலும் அடித்துச் சொல்ல முடியாது. 'குவாரலஸ்' வேரும் பிரெஞ்சு, வாலும் பிரெஞ்சு. 'குவாரல்சம்' வேர் பிரெஞ்சு, வால் மட்டும் ஆங்கிலத்தின் சொந்த வால். கலப்புப் பிள்ளை பிழைத்துக்கொண்டது. நம் ஊரிலும் உருதுவிலிருந்து வந்த தகராறோடு 'பிடித்தவன்' சேர்த்துத் 'தகராறு பிடித்தவன்' என்கிறோம், அது நன்றாகத்தான் வாழ்கிறது. ஷேக்ஸ்பியரிடம் இரண்டு வடிவமும் உண்டு. அடங்காப்பிடாரியின் கதையிலும் 'விரும்பிய விதமே' நாடகத்திலும் புது வடிவம் வருகிறது. அதற்குப் பிந்திய சிம்பலினில் பழைய வடிவம். இரண்டுக்கும் அசை எண்ணிக்கை ஒன்றுதான், யாப்புக்காக மாற்றவில்லை. அந்த வரியை வாய்விட்டுப் படித்துப் பார். முன்னும் பின்னும் ஸகர ஒலி சீறிக்கொண்டே இருக்கிறது, மரநாய் வரை. சீறலுக்காகத்தான் பழைய வாலை வைத்துக்கொண்டார் என்பது என் காதின் தீர்ப்பு. நம் வரியும் கொஞ்சம் சீறினால் நல்லது.

அடுத்தது உனக்கும் எனக்கும் நெருக்கமான விஷயம்.

சண்டைக்காரருக்கான ஆங்கிலச் சொற்களில் சில சட்டப் புத்தகத்தில் வாழ்ந்தவை. ஓயாமல் சண்டையிட்டு அக்கம்பக்கத்து அமைதியைக் கெடுக்கிற பெண்ணுக்கு இங்கிலாந்துச் சட்டத்தில் 'ரிக்சாட்ரிக்ஸ்' என்று ஒரு லத்தீன் பெயர் இருந்தது. பெண்பாற் சொல். ஆணை அந்தப் பெயரில் குற்றம் சாட்ட முடியாது. தண்டனையாக ஒரு நாற்காலியில் கட்டி, நீண்ட மரத்தின் முனையில் தொங்கவிட்டு, குளத்திலோ ஆற்றிலோ முக்கி எடுப்பார்கள். காலப்போக்கில் தண்டனை நின்றுபோனாலும் குற்றம் ஏட்டில் இருந்தது. 1967இல் கொண்டுவந்த குற்றவியல் சட்டம்தான் அதை ஒழித்தது. நான் பிறந்த பிறகு என்று நினைக்கும்போது இப்போதும் ஒரு மாதிரி இருக்கிறது.

தமிழும் தப்பவில்லை. வாயாடி, அடங்காப்பிடாரி, பஜாரி என்று வாய் திறந்து பேசின பெண்ணுக்குத்தான் எத்தனை பெயர்! அடங்காப்பிடாரன் என்று யாரையாவது சொல்லக் கேட்டிருக்கிறாயா?

இதை மனதில் வைத்துக்கொண்டு பிசானியோவின் யோசனையைத் திரும்பக் கேள். பெண்ணாக இருந்தால் எந்தக் குணத்துக்காகக் குளத்தில் முக்குவார்களோ, அந்தக் குணத்தைத்தான் ஆண் வேடத்துக்குப் பாதுகாப்பு என்று அவன் அவளுக்கு எடுத்துக் கொடுக்கிறான். கேலி பேசு, வெடுக்கென்று பதில் சொல், தொட்டால் சீறு, அப்போதுதான் உன்னைப் பையன் என்று நம்புவார்கள். அன்றைய அரங்கில் இமோஜெனாக நடித்தவனும் ஒரு பையன்தான். பெண்ணாக நடிக்கிற பையனுக்கு, பையனாக நடிப்பது எப்படி என்று பாடம் நடக்கிறது. அந்தச் சொல் அவளுடைய குணத்தைச் சொல்லவில்லை. தலைப்பாகை, அரைக்கச்சு மாதிரி அது உடையில் ஒரு பாகம். அவளுக்கு அது கடைசிவரை ஒட்டவே இல்லை என்பதையும் கவனி. ஃபிடேல் என்று பெயர் வைத்துக்கொண்டு குகைக்குப் போகிறாள். அங்கே சண்டையும் இல்லை, துடுக்கும் இல்லை. கிழங்குகளை அழகாக நறுக்கிச் சமைத்துப் போடுகிறாள். அண்ணன்கள் என்று தெரியாமலே அண்ணன்களின் அன்பைப் பெறுகிறாள்.

அதனால் நீ எழுதிய 'இகல் மிக்கு' மட்டுமல்ல, நீ அடித்துவிட்ட 'சண்டைக்காரியாய்' என்பதும் தவறு. அதில் பெண்பால் விகுதி வந்து வேடத்தைக் கலைத்துவிடுகிறது. 'சண்டைக்கார' என்பதே கனம். சண்டைக்காரன் சண்டை போட்டு முடித்தவன். இந்தப் பையன் இன்னும் ஒரு அடி கூட அடித்ததில்லை. சிலிர்த்துக்கொண்டு நிற்கிறான், அவ்வளவுதான்.

மரநாய்க்கு வருவோம். மூலத்தில் இருப்பது 'வீசல்'. நீ மரநாய் என்று போட்டிருக்கிறாய். நம் ஊரில் அந்தப் பெயருக்குரியது வேறு விலங்கு. இரவில் கூரையில் ஓடும், பழம் தின்னும், ஆள் சத்தம் கேட்டால் ஒளிந்துகொள்ளும். இங்கிலாந்து வீசல் உடலளவில் ஏறத்தாழ ஒரு சாண்தான், எடை நூறு கிராமுக்கு முன்னே பின்னே. ஆனால் தன்னைவிடப் பல மடங்கு பெரிய முயலின் பிடரியைக் கவ்விக் கொன்றுவிடும். நான்காம் ஹென்றி நாடகத்தில் ஹாட்ஸ்பரின் மனைவி தன் கணவனின் கொதிப்பைச் சொல்லவும் இதே பிராணியைத்தான் இழுக்கிறாள். உருவம் சிறிது, கோபம் பெரிது என்பதுதான் உவமை. உயரம் குறைந்த, மீசை முளைக்காத பையனாக வேடம் போடுகிறவளுக்கு இதைவிடப் பொருத்தமாக எதுவும் இல்லை.

கீரி என்று போடலாமா என்று நீ கேட்பாய். நானும் யோசித்தேன். கீரி என்றதும் தமிழ் வாசகனுக்குப் பாம்பு நினைவு வந்துவிடும். கீரிக்கு ஒரே ஒரு பகைதான். வீசலுக்கு எதிரே வருவதெல்லாம் பகை. பிள்ளையைக் காத்த கீரியின் கதை வேறு நம் மனதில் இருக்கிறது, கீரிப்பிள்ளை என்று செல்லமாகவும் சொல்கிறோம். இருந்தாலும் மரநாயைவிடக் கீரி மேல். பாம்பின் வாடை வராமல் இருக்க 'சின்னக் கீரி' என்று ஓர் அடை சேர்த்துப் பார். உருவம் சிறுத்து, கோபம் நிற்கும்.

பம்மல் சம்பந்த முதலியார் இந்த நாடகத்தைச் 'சிம்மளநாதன்' என்று தமிழுக்குக் கொண்டுவந்தார். பெயரின் ஓசையைக் கையில் பிடித்துக்கொண்டு ஊரையும் ஆளையும் நம்முடையதாக்கிவிட்டார். மேடையில் நிற்கிறவனின் வாயில் வசனம் தடுக்கக் கூடாது என்பதுதான் அவர் கவலை. நீ செய்வது தழுவல் இல்லை, மொழிபெயர்ப்பு; அவ்வளவு சுதந்திரம் உனக்குக் கிடையாது. ஆனால் அந்தக் கவலை உனக்கும் வேண்டும். எழுதின வரியை உன் தம்பியிடம் கொடுத்து உரக்கப் படிக்கச் சொல். எந்தச் சொல்லில் அவன் மூச்சு இடறுகிறதோ அதைக் கோடிட்டு வை.

இன்று காலை உன் பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால் ஒரு வரி எழுதிப் பார்த்தேன்: 'சின்னக் கீரி மாதிரித் தொட்டால் சீறு.' சீறலும் கிடைக்கிறது, விகுதியும் வேடத்தைக் கலைக்கவில்லை. ஆனால் 'மாதிரி' உன் நடைக்குக் கொச்சையாகத் தோன்றலாம். அதை நீதான் தீர்மானிக்க வேண்டும். பக்கங்களை நாளைக்குத் தபாலில் சேர்க்கிறேன். நாலாம் அங்கத்தில் குகைக் காட்சியை முடித்ததும் அனுப்பு; அந்தக் கிழங்குகளை எப்படி நறுக்கியிருக்கிறாய் என்று பார்க்கக் காத்திருக்கிறேன்.

அன்புடன்,
அக்கா