குற்றம் யாருடையது?

போரிலே வீடு இடிந்தால் எண்ணுகிறோம். மாடு இறந்தால் எண்ணுகிறோம். வயல் தரிசாய்க் கிடந்தால் நட்டஈட்டுப் படிவத்தில் எழுதுகிறோம். ஆனால் ஆயுதம் தாங்கியவர்கள் ஒரு பெண்மீது பாலியல் வன்முறை புரிந்தால் மட்டும் ஊர் வாயை மூடிக்கொள்கிறது. அவளுடைய மானத்தைக் காக்கத்தான் இந்த மௌனம் என்கிறோம். உண்மையில் இந்த மௌனத்தால் காக்கப்படுபவன் யார்? இவ்வாரப் பாடம் இதைப் பற்றியதே.

1. நம் மண்ணில் நடந்தவை

பாலையூற்றிலும் துறைமுகத்தைச் சூழ்ந்த ஊர்களிலும் நாற்பது வயதைத் தாண்டியவர்களுக்குச் சோதனைச் சாவடி என்றால் என்னவென்று விளக்கத் தேவையில்லை. நம் மாவட்டத்திலேயே, கிளிவெட்டியை அடுத்த குமாரபுரத்தில், 1996 பெப்ரவரி 11ஆம் நாள் படையினர் புகுந்து பெண்களும் குழந்தைகளும் உட்பட இருபதுக்கும் மேற்பட்டோரைக் கொன்றனர். ஒரு சிறுமி கொல்லப்படுமுன் பாலியல் வல்லுறவுக்கு உள்ளாக்கப்பட்டாள். உயிர் தப்பியவர்கள் இருபது ஆண்டுகள் காத்திருந்து, அநுராதபுரம் மேல் நீதிமன்றம்வரை சென்று சாட்சி கூறினார்கள். 2016 யூலையில் எதிரிகளான முன்னாள் படையினர் அறுவரும் விடுதலையாயினர்.

அதே 1996 செப்டெம்பரில், யாழ்ப்பாணத்தில் பரீட்சை எழுதிவிட்டு வீடு திரும்பிய மாணவி ஒருத்தி செம்மணிச் சாவடியில் மறிக்கப்பட்டாள். அவளைத் தேடிச் சென்ற தாயும் தம்பியும் அயலவரும் அவளைப் போலவே கொன்று புதைக்கப்பட்டார்கள். அந்த வழக்கில் 1998 யூலையில் குற்றவாளிகளுக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டது. 2010இல் விசுவமடுவில் மீள்குடியேறிய தாய் ஒருவர் தமக்கு நேர்ந்ததைத் துணிந்து முறையிட்டார். 2015இல் யாழ். மேல் நீதிமன்றம் படையினர் நால்வரைக் குற்றவாளிகளாகக் கண்டது. 2019இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அவர்களை விடுவித்தது.

இந்திய அமைதிகாக்கும் படை இங்கிருந்த 1987 முதல் 1990 வரையிலும் இத்தகைய முறைப்பாடுகள் எழுந்தன. தடுப்புக்காவலில் ஆண்களும் இக்கொடுமைக்கு ஆளானதை 2015இல் வெளியான ஐக்கிய நாடுகளின் விசாரணை அறிக்கை எடுத்துக்காட்டியது. ஆகவே இது ஓர் இனத்தவரின் இயல்பு என்றோ, பெண்களுடைய காரியம் மட்டும் என்றோ சொல்லிவிட முடியாது. துப்பாக்கி ஒருவன் கையில் இருந்து, அவனைக் கேட்பதற்கு எவரும் இல்லாமல், முறையிடுவதற்கும் அவனுடைய முகாமுக்கே போக வேண்டிய நிலை எங்கெல்லாம் உண்டோ, அங்கெல்லாம் இது நடக்கும்.

2. திருச்சபை கற்பிப்பது என்ன?

கி.பி. 410இல் உரோமை நகர் கோத்தியர் கையில் விழுந்தபோது, கன்னியர் உட்படப் பல பெண்கள் படையினரால் பலாத்காரம் செய்யப்பட்டனர். அவர்கள் கறைபட்டவர்கள் என்று சிலர் ஏளனம் செய்தார்கள். புனித அகுஸ்தீன் தம்முடைய 'இறைவனின் நகர்' என்னும் நூலின் முதற் பகுதியிலேயே இதற்கு விடையளித்தார். தூய்மை உள்ளத்தின் உறுதியில் இருக்கிறது. உள்ளம் இசையாதபோது, பிறன் உடலுக்குச் செய்யும் வன்முறை அதை அழிக்க முடியாது என்பது அவருடைய போதனை. பாவம் செய்தவனுடையதே அன்றி, அதை அனுபவித்தவளுடையது அன்று.

இணைச்சட்டம் 22ஆம் அதிகாரத்தையும் பாருங்கள். வயல்வெளியில் வல்லுறவுக்கு உள்ளான பெண்மேல் குற்றமில்லை. அது கொலைக்கு ஒப்பான செயல் என்கிறது அச்சட்டம். அவள் கூவியும் காப்பாற்ற ஆளில்லை என்பதே அதற்குக் காரணம். சாவடியில் துப்பாக்கி முனையில் நிற்பவளுக்கும் காப்பாற்ற ஆளில்லை அல்லவா?

2 சாமுவேல் 13இல் தாமார் தலையில் சாம்பலைப் போட்டுக்கொண்டு அழுதபடி வெளியே வந்தாள். அவளுடைய அண்ணன் அப்சலோமோ பேசாதிருக்கச் சொன்னான். தந்தை தாவீது கோபம் கொண்டும் நீதி செய்யவில்லை. அந்த மௌனம் அவளைத் தேற்றவில்லை. கடைசியில் அக்குடும்பத்தையே இரத்தத்தில் ஆழ்த்தியது.

3. சொல்லும் சட்டமும்

'கற்பழிப்பு' என்று நெடுங்காலம் எழுதி வந்தோம். கற்பு அழிந்தது என்றால், இழந்தவள் அவள் என்று அந்தச் சொல்லே தீர்ப்பளித்து விடுகிறது. 1949ஆம் ஆண்டின் நான்காம் ஜெனீவா உடன்படிக்கைகூட, 27ஆம் பிரிவில் பாலியல் வல்லுறவை விலக்கியபோது, அதைப் பெண்ணின் மானத்துக்கு எதிரான செயலாகவே குறிப்பிட்டது. 1998 செப்டெம்பரில் ருவண்டாவுக்கான சர்வதேச நீதிமன்றம் அக்கயேசு வழக்கில் இதை மாற்றியது. வல்லுறவு மனுக்குலத்துக்கு எதிரான குற்றம். ஓர் இனத்தை அழிக்கும் நோக்குடன் செய்யப்பட்டால் இன அழிப்பே ஆகும் என்று தீர்த்தது.

4. நம் கடமை

துன்புற்ற பெண் பேச வந்தால் முதலில் கேளுங்கள். "ஏன் அந்த நேரத்தில் போனாய்?" என்று ஒருபோதும் வினவாதீர்கள். உடுத்திருந்த உடையைத் துவைக்காமல் வைத்து, காலந்தாழ்த்தாது வைத்தியசாலைக்குக் கூட்டிச் செல்லுங்கள். அங்கே சட்ட வைத்திய அதிகாரியின் பரிசோதனை வழக்குக்கு உதவும். நோய்த்தடுப்பு மருந்துகள் சிலவற்றை 72 மணி நேரத்துக்குள் தொடங்க வேண்டும். முறையிடுவதா என்பதை அவளே தீர்மானிக்கட்டும். முறையிட்டால் துணை நில்லுங்கள். அவளுடைய பெயரை ஊரில் பரப்பாதிருப்பது கடமை. நடந்த குற்றத்தையே இல்லை என்பது வேறு. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது.

இன்னுமொன்று. பல ஆண்டுகள் கழிந்த பின்னும் இதை ஒப்புரவு அருட்சாதனத்தில் சொல்ல வருபவர்கள் உண்டு. அவர்களுக்கு ஆறுதல் தேவை. பாவமன்னிப்பு இதற்குத் தேவையில்லை. அவர்கள் பாவம் செய்யவில்லை. திருமணம் பேசும் பெற்றோரும், பீடத்தில் நின்று போதிக்கும் குருக்களாகிய நாங்களும் இதைத் தெளிவாகச் சொல்லாதவரை, படையாள் செய்த கொடுமையை ஊரும் தொடர்ந்து செய்துகொண்டிருக்கும்.

அன்பியங்களில் கலந்துரையாட:

1. தாமாரிடம் அப்சலோம் சொன்னதை நம் ஊரில் எந்தெந்தச் சொற்களில் சொல்கிறோம்?

2. நம் பங்கில் இத்தகைய துன்பம் அடைந்த ஒருவர் அச்சமின்றி யாரிடம் போகலாம்? அப்படி ஒருவர் இல்லையெனில், அதற்கு நாம் செய்யப்போவது என்ன?