ஹலால் என்பது அறுக்கும் நேரம் மட்டுமா?

 



உலகின் பெரிய பன்றிப் பண்ணைகள் பலவற்றில், சினைப் பன்றியைத் திரும்பவும் இடமில்லாத இரும்புக் கூண்டில் வாரக்கணக்கில் அடைத்து வைக்கிறார்கள். பிரிட்டன் 1999-ல் இதைத் தடை செய்தது. பல நாடுகளில் இன்றும் தொடர்கிறது. ‘பன்றி ஹராம்தானே, நமக்கென்ன?’ என்று நீங்கள் கேட்கலாம்.

நாய் வாய் வைத்த பாத்திரத்தை ஏழு முறை கழுவச் சொன்ன நபி (ஸல்) அவர்கள்தாம், தாகித்த நாய்க்குத் தண்ணீர் புகட்டியவரின் பாவம் மன்னிக்கப்பட்டதையும் சொன்னார்கள் (புகாரி, முஸ்லிம்). உண்ணக் கூடாது என்பது வேறு, வதைக்கலாம் என்பது வேறு.

நம் தட்டில் இருப்பது

அதே கூண்டு முறையில்தான் நாம் உண்ணும் முட்டையும் வருகிறது. நாமக்கல் பண்ணைகளில் கோழிகள் கம்பிக் கூண்டுகளில் வளர்கின்றன. 2017-ல் சட்ட ஆணையம் தன் 269-வது அறிக்கையில் இதை ஆராய்ந்து விதிகளைப் பரிந்துரைத்தது. 2023-ல் வந்த மத்திய அரசு விதிகள் ஒரு கோழிக்குக் குறைந்தது 550 சதுர சென்டிமீட்டர் இடம் கேட்கின்றன. ஒரு ஏ4 தாளே சுமார் 620 சதுர சென்டிமீட்டர்! சிறகை விரிக்க அதில் இடமேது?

கறிக்கடைக்கு வருவோம். அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி சாலைகளில் பிராய்லர் கோழிகளைக் கால்களைக் கட்டி, வண்டியில் தலைகீழாகத் தொங்கவிட்டுக் கொண்டு போவதைப் பார்க்கிறோம். ஒன்றின் கண் முன்னே மற்றொன்றை அறுக்கிறார்கள்.

கோழியைக் கட்டிவைத்து அம்பெய்து விளையாடிய இளைஞர்களை இப்னு உமர் (ரலி) அவர்கள் கண்டபோது, உயிருள்ளதை இலக்காக்குபவரை நபி (ஸல்) அவர்கள் சபித்ததை எடுத்துச் சொன்னார்கள் (புகாரி, முஸ்லிம்). ஆட்டின் எதிரிலேயே கத்தியைத் தீட்டியவரிடம், அதை இருமுறை சாகடிக்கவா விரும்புகிறீர் என்று நபியவர்கள் கேட்டார்கள் (ஹாகிம்).

நாம் செய்ய வேண்டியவை

முறைப்படி அறுத்தால் கறி ஹலால்தான். ஆனால் வதைத்த பாவம் வதைத்தவர் மீது நிற்கும்.

கடை நடத்தும் சகோதரர்களே! கூண்டில் தண்ணீர் வையுங்கள், வெயில் படாமல் நிழல் கொடுங்கள், அறுக்கும் இடத்தைத் திரையிட்டு மறையுங்கள், கத்தியைக் கூராக வைத்திருங்கள். இதற்குப் பெரிய செலவில்லை.

வாங்கும் சகோதரர்களே! ‘ஹலால்’ பலகையைப் பார்ப்பதுபோல் கூண்டையும் பாருங்கள். குறை கண்டால் கடைக்காரரிடம் மென்மையாகச் சொல்லுங்கள். நாம் கேட்காதவரை எதுவும் மாறாது.

வாயில்லா ஜீவன்கள் மறுமையில் நமக்கு எதிராக வழக்காடாத நிலையை அல்லாஹ் நமக்குத் தந்தருள்வானாக! ஆமீன்.