பெட்டிக்குள் அடங்கிய கடல்

சோழரின் புலிப்பொறி இட்ட பண்டப் பொதிகள் காவிரிப்பூம்பட்டினத்துத் துறையில் குவிந்து கிடந்ததைப் பட்டினப்பாலை வழி நாம் அறிவோம். பாய்மரம் போய் நீராவி வந்தது. ஆயினும் அப்பொதிகளை ஒவ்வொன்றாய் ஏற்றி இறக்கும் முறை மட்டும் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை பெரிதும் மாறவில்லை. அதனை மாற்றியவர் கடலோடி மரபில் வந்தவரல்லர். அமெரிக்க லாரி ஓட்டுநர் ஒருவர்.

மால்கம் மெக்லீன் வட கரோலினாவில் 1913இல் பிறந்தார். பள்ளிப் படிப்போடு நின்று, பெட்ரோல் நிலையத்தில் வேலை பார்த்து, 1934இல் பழைய லாரி ஒன்றை வாங்கினார். உடன்பிறந்தாரும் துணைநிற்க, இருபது ஆண்டுகளில் அவருடைய நிறுவனம் நாட்டின் பெரிய லாரி நிறுவனங்களுள் ஒன்றாயிற்று. 1937இல் துறைமுகத்தில் பருத்திப் பொதிகளை இறக்க நாள் முழுதும் காத்திருந்தபோதே புதிய எண்ணம் தோன்றியதாக அவர் பின்னாளில் கூறினார். ஆய்வாளர் சிலர் இதனை ஐயுறுவர். வெற்றி பெற்றபின் தொடக்கத்திற்கு ஒரு கதை தேவைப்படுவது இயல்புதானே!

எண்ணம் எளியது: மூட்டைகளை இறக்குவானேன்? அவை இருக்கும் பெட்டியையே லாரியிலிருந்து தூக்கிக் கப்பலில் வைத்தால் என்ன? கப்பல் நிறுவனம் ஒன்றை அவர் 1955இல் வாங்க முனைந்தபோது போக்குவரத்து விதிகள் குறுக்கிட்டன. பாடுபட்டு வளர்த்த லாரித் தொழிலைக் கைவிட்டு, பெருங்கடனில் இறங்கினார். இத்துணிவே அவர் வாழ்வின் திருப்பம் என்பது நம் கருத்து. 1956 ஏப்ரல் 26 அன்று 'ஐடியல் எக்ஸ்' என்னும் பழைய எண்ணெய்க் கப்பல் 58 பெட்டிகளுடன் நெவார்க்கிலிருந்து ஹூஸ்டனுக்குப் புறப்பட்டது. உதிரிச் சரக்கை ஏற்ற டன்னுக்கு 5.86 டாலர் ஆன காலம் அது. பெட்டி முறையில் ஆனது 16 சென்ட்டுக்கும் குறைவே.

அந்த வேறுபாடு யாருடைய கூலி என்பதையும் நாம் மறைத்தலாகாது. துறைமுகங்களில் சுமை தூக்கிப் பிழைத்தோர் ஆயிரக்கணக்கில் வேலை இழந்தனர். ஆழமும் இடப்பரப்பும் போதாத லண்டனின் பழைய கப்பல்துறைகள் 1981க்குள் ஒவ்வொன்றாய் மூடப்பட்டன. சென்னைத் துறைமுகத்திலும் 1983இல் பெட்டக முனையம் அமைந்தது.

மெக்லீன் தம் நிறுவனத்தை 1969இல் பெருந்தொகைக்கு விற்றார். செல்வம் அவரை ஓய்ந்திருக்க விடவில்லை. எண்ணெய் விலை ஏறியே செல்லும் என்று கணித்து, எரிபொருள் மிச்சமாகும் மெதுவான பெருங்கப்பல்கள் பன்னிரண்டைக் கொரியாவில் கட்டுவித்தார். விலையோ சரிந்தது. வேகமான கப்பல்கள் வணிகத்தைக் கொண்டு போயின. 1986இல் ஏறத்தாழ 120 கோடி டாலர் கடனோடு நிறுவனம் திவாலாயிற்று. முன்பு வென்று கொடுத்த அதே துணிவுதான் இம்முறை கவிழ்த்தது.

ஐந்தாண்டுகள் கழித்து, எழுபது வயதைக் கடந்த நிலையில், புளோரிடாவுக்கும் போர்ட்டோ ரிக்கோவுக்கும் இடையே பெட்டிகள் கொண்டு செல்லும் சிறு நிறுவனம் ஒன்றை அவர் மீண்டும் தொடங்கினார். 2001இல் காலமானார்.