என் கிணறும் எங்கள் தண்ணீரும்



"என் காணி, என் கிணறு, என் பணத்தில் வாங்கிய இயந்திரம். நான் எவ்வளவு இறைத்தால் மற்றவருக்கு என்ன?" இப்படிச் சொல்பவரை நாம் கண்டிருக்கிறோம். நாமே சொல்லியிருக்கவும் கூடும். தனிமனிதனின் உரிமை எங்கே முடிகிறது, சமுதாயத்துக்கு அவன் செய்யவேண்டிய கடமை எங்கே தொடங்குகிறது? இதை அறிய யாழ்ப்பாணத்துக் கிணற்றடிக்குப் போவோம்.

அவர் சொல்வது முழுவதும் தவறு என்று கூறமுடியாது. உழைத்துச் சேர்த்த உடைமை மனிதனின் உரிமை என்று பாப்பரசர் 13ஆம் சிங்கராயர் 1891இல் தொழிலாளர் நிலைபற்றிய தமது சுற்றுமடலில் வலியுறுத்தினார். 1948இல் வெளிவந்த மனித உரிமைப் பிரகடனமும் 17ஆம் உறுப்புரையில் இவ்வுரிமையை ஏற்கிறது. ஆனால் அதே பிரகடனம் 29ஆம் உறுப்புரையில், ஒவ்வொருவருக்கும் சமுதாயத்தின்பால் கடமைகள் உண்டு என்றும் சொல்கிறது. முன்னதை நாம் நன்றாக நினைவில் வைத்திருக்கிறோம், பின்னதை மறந்துவிடுகிறோம்.

நிலத்தின் கீழே வேலி இல்லை

குடாநாட்டில் வற்றாத ஆறு ஒன்றுமில்லை. பெரும்பாலும் ஐப்பசி முதல் மார்கழி வரை பெய்யும் மாரி மழையே சுண்ணாம்புக் கற்பாறையின் வெடிப்புகளூடே இறங்கி, அடியிலுள்ள உவர் நீரின்மேல் மிதந்து நிற்கிறது. நன்னீர் மட்டம் கடல் மட்டத்துக்கு மேல் 1 அடி உயர்ந்திருந்தால், கடல் மட்டத்துக்குக் கீழே ஏறக்குறைய 40 அடி நன்னீர் இருக்கும் என்பது நிலநீர் அறிஞரின் கணக்கு. மேலே 1 அடி குறைந்து அப்படியே நின்றால், கீழிருந்து உவர் நீர் அந்த 40 அடியும் ஏறிவரும்.

துலா மிதித்துப் பட்டையால் இறைத்த காலத்தில் மனிதனின் களைப்பே ஓர் எல்லையாக இருந்தது. இயந்திரத்துக்குக் களைப்பில்லை. அளவுக்கு மிஞ்சி இறைத்தவரின் கிணறு சவராகும்போது, அடுத்த வளவில் ஒரு குடம் அள்ளும் ஏழைத் தாயின் கிணறும் சவராகிறது. தோட்டத்தில் மிதமிஞ்சிக் கொட்டிய பசளையும், கிணற்றுக்கு அருகில் வெட்டிய மலசலகூடக் குழியும் அவ்வாறே. அவற்றிலிருந்து வரும் நைத்திரேற்று, அந்தத் தண்ணீரில் கரைத்த பால்மாவைக் குடிக்கும் கைக்குழந்தைக்கு ஆபத்தாகிறது.

பழைய காணி உறுதிகளை எடுத்துப் பாருங்கள். காணியின் பரப்பளவோடு கிணற்றில் இத்தனை பங்கு, வழி, வாய்க்கால் என்றும் எழுதியிருக்கும். பங்குக்காரர் ஒவ்வொருவருக்கும் இறைப்பு முறை உண்டு. ஒருவரின் முறையில் மற்றவர் தலையிடக்கூடாது, அது உரிமை. தன் முறை முடிந்ததும் அடுத்தவருக்கு வழிவிடவேண்டும், அது கடமை. லேவியராகமம் 19ஆம் அதிகாரம் காட்டும் வழியும் இதுவே. வயல் உடையவனுக்கே சொந்தம். ஆயினும் ஓரத்துக் கதிரை ஏழைக்கும் அந்நியனுக்கும் விட்டுவைக்கவேண்டும்.

ஊரும் தவறலாம்

அப்படியானால் ஊர் சொல்வதெல்லாம் நீதியா? இல்லை. ஊர் வழக்கம் என்ற பெயரில், சில குடும்பங்களைக் கிணற்றுக்கட்டில் ஏறவிடாமல், பிறர் அள்ளி ஊற்றும்வரை குடத்தோடு காத்து நிற்கவைத்த காலம் நம் மண்ணில் இருந்தது. கிறிஸ்தவர்களாகிய நாமும் அந்தப் பாவத்துக்குப் புறம்பானவர்களல்லர். சாதியின் பெயரால் மனிதரை இவ்வாறு ஒதுக்குவதைக் குற்றமாக்கும் சட்டம் 1957இல் வந்தது. கடவுளின் சாயலில் படைக்கப்பட்ட மனிதனின் உரிமையை ஊர் கொடுக்கவில்லை. ஆகவே ஊரால் அதைப் பறிக்கவும் முடியாது.

பாப்பரசர் 23ஆம் அருளப்பர் 1963இல் சமாதானம் பற்றி எழுதிய சுற்றுமடலில் மனித உரிமைகளை வரிசைப்படுத்தியபின், ஒவ்வோர் உரிமையோடும் ஒரு கடமை இணைந்தே வருகிறது என்று காட்டினார். தூய குடிநீர் பெறுவது மனிதரின் அடிப்படை உரிமை என்று பாப்பரசர் பிரான்சிஸ் 2015இல் எழுதினார். அது உரிமையாயின், அதைக் காப்பது நம் ஒவ்வொருவரின் கடமையாகிறது. கிணறுடையவர் கேட்கவேண்டியதும், ஊர் கூடிக் கேட்கவேண்டியதும் ஒரே கேள்விதான்: கடைசியாக வரும் குடத்துக்குத் தண்ணீர் இருக்குமா? அதற்கு ஆம் என்று பதில் சொல்லக்கூடிய ஏற்பாடே பொது நன்மை.

நாம் செய்யக்கூடியவை

1. பயிருக்கு வேண்டிய அளவு மட்டும் இறைப்போம். இயந்திரத்தைப் பூட்டிவிட்டு வேறு வேலைக்குப் போகாதிருப்போம்.

2. மலசலகூடக் குழியை நம் கிணற்றிலிருந்து மட்டுமல்ல, அயலவர் கிணற்றிலிருந்தும் தள்ளி அமைப்போம்.

3. ஊர்க் குளத்தையும் கேணியையும் குப்பையால் நிரப்பாமல், மாரிக்கு முன் சேர்ந்து தூர்வாருவோம். கூரையில் விழும் மழைநீரை நிலத்தில் இறங்கவிடுவோம்.

4. நம் கிணறு நல்ல தண்ணீர்க் கிணறாயின், குடத்தோடு வருபவர் யாராயினும் படலையைத் திறந்துவிடுவோம்.

இன்றிரவு செபமாலை முடிந்தபின் பிள்ளைகளோடு இதைப் பேசுங்கள். கிணற்றில் ஒருவருக்குள்ள பாகத்தைப் பங்கு என்கிறோம். கோயிலைச் சேர்ந்த நம் குடும்பங்கள் எல்லாவற்றையும் சேர்த்தும் பங்கு என்றே அழைக்கிறோம். ஒரே சொல் இரண்டுக்கும் ஏன் பொருந்துகிறது என்று அவர்களிடம் கேட்டுப் பாருங்கள்.