நெல் போட்டாயிற்று, பணம் ஏன் வரவில்லை?

நேரடி கொள்முதல் நிலையத்தில் நெல்லை எடை போட்டுக் கொடுத்த பின்னும், பணம் வங்கிக் கணக்கில் ஏறவில்லை என்று அலையும் விவசாயிகள் பருவந்தோறும் உள்ளனர். ஈரப்பதம் 17 சதவிகிதத்திற்கு மேல் இருக்கக் கூடாது, தூசியும் கருக்காயும் தூற்றி நீக்கப்பட வேண்டும் என்பன இன்று அநேகமாக எல்லோருக்கும் தெரிந்தவையே. நல்ல நெல்லைக் கொடுத்தவரும் காகிதத்தில் உள்ள சிறு பிழையால் காத்திருக்க நேரிடுவதுதான் வேதனை.

2025-26 பருவத்தில் சன்ன ரகத்துக்கு ஊக்கத்தொகை சேர்த்துக் குவிண்டாலுக்கு ரூ.2,545 நிர்ணயிக்கப்பட்டது. 40 கிலோ மூட்டையில் 60 மூட்டை போட்டவருக்கு 24 குவிண்டாலுக்கு ரூ.61,080 வர வேண்டும். இத்தொகை ஒரு மாதம் தள்ளிப் போனால், அறுவடை இயந்திர வாடகைக்கு வெளியில் வட்டிக்கு வாங்க வேண்டியதாகிறது. கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் பெற்றவருக்கு நஷ்டம் இன்னும் கூடுதல். தவணைத் தேதிக்குள் கட்டினால்தான் வட்டி இல்லை என்ற சலுகை கிடைக்கும்.

கொள்முதலுக்குச் சிட்டா, அடங்கல், ஆதார், வங்கிப் புத்தகம் ஆகியவை கேட்கப்படுகின்றன. சிட்டாவையும் அடங்கலையும் ஒன்றாகக் கருதுவோர் பலர். நிலம் யாருடையது, எவ்வளவு பரப்பு, நன்செயா புன்செயா என்பதைச் சிட்டா காட்டும். அந்தப் புல எண்ணில் இந்தப் பருவத்தில் என்ன பயிர் நிற்கிறது என்பதைக் கிராம நிர்வாக அலுவலர் பதியும் அடங்கல்தான் காட்டும். அடங்கலில் உளுந்து என்று இருந்தாலோ, பரப்பு குறைவாக இருந்தாலோ, கொண்டு வந்த மூட்டைகளுக்குக் கணக்கு ஒத்து வராது. ஆகவே பயிர் பூக்கும் தருணத்திலேயே கிராம நிர்வாக அலுவலரைக் கண்டு, பதிவைப் பார்த்துவிட வேண்டும். அறுத்த பிறகு வயலில் அவருக்குக் காட்ட அரிதாள்தான் இருக்கும்.

பட்டா இறந்துபோன தந்தையின் பெயரிலேயே இருப்பது மற்றொரு தொல்லை. வாரிசுச் சான்றும் பட்டா மாறுதலும் ஒரு வாரத்தில் முடிகிற காரியமல்ல. கோடையில் நிலம் சும்மா கிடக்கும்போது மனுச் செய்வதே பொருத்தம். கூட்டுப்பட்டாவாக இருந்தால், எந்தப் புல எண்ணில் யார் சாகுபடி செய்கிறார் என்பதற்குக் கிராம நிர்வாக அலுவலரின் சான்றைப் பெற்று வைத்துக் கொள்ளலாம்.

குத்தகை விவசாயிகளின் நிலைதான் மிகவும் சிக்கலானது. நில உடைமையாளர் பெயரில் நெல்லைப் போட்டு, பணத்தை அவர் கணக்கில் வரவு வைத்து, பிறகு அவரிடம் வாங்கிக் கொள்வது பல ஊர்களில் வழக்கம். அவர் பணத்தைத் தராவிட்டால் குத்தகைதாரர் கொள்முதல் நிலையத்தைக் கேட்க முடியாது. ஆவணப்படி விற்றவர் அவரல்லர். 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி குத்தகை உரிமைப் பதிவேட்டில் பெயரைப் பதிய வருவாய்த் துறையின் பதிவு அலுவலரிடம் மனுச் செய்யலாம். பெயரைப் பதியவிடப் பல உடைமையாளர்கள் தயங்குவது உண்மையே. அந்தத் தயக்கத்தின் விலையைக் குத்தகைதாரர் மட்டும் கொடுப்பது நியாயமாகாது. பதிவு கிடைக்கும் வரை, எத்தனை மூட்டை யாருடையது என்று இரு தரப்பும் கையொப்பமிட்ட ஒரு தாளாவது இருக்கட்டும்.

வங்கிக் கணக்கையும் சோதிக்க வேண்டும். இரண்டு ஆண்டுகளுக்கு மேல் வரவு செலவு இல்லாத கணக்கு செயலற்றதாகிவிடும். 2020 ஏப்ரல் 1ஆம் தேதி பல பொதுத்துறை வங்கிகள் இணைக்கப்பட்டதைத் தொடர்ந்து கிளைக் குறியீடுகள் மாறின. பழைய புத்தகத்தின் நகலைக் கொடுத்தால் பணம் திரும்பிவிடக்கூடும். பட்டாவில் 'மு.முருகேசன்' என்றும் ஆதாரில் 'முருகேசன்' என்றும் இருப்பதை அற்பம் என்று விட்டுவிடாதீர்கள்.

எடை முடிந்ததும் ரசீதைப் பெறாமல் களத்தை விட்டு நகரக் கூடாது. பெயர், ரகம், மூட்டை எண்ணிக்கை, நிகர எடை, தொகை, கணக்கு எண் ஆகியவற்றை எழுத்துக்கு எழுத்து அங்கேயே சரிபார்க்க வேண்டும். பிழையிருந்தால் அப்போதே திருத்தச் சொல்லுங்கள். "நாளைக்கு வாங்க" என்ற வாய்ச்சொல் எந்த அலுவலகத்திலும் செல்லாது. ஆவணம் போதாது என்று பின்னர் நிறுத்தி வைத்தால், எந்த ஆவணம் என்று எழுத்தில் கேட்பது உங்கள் உரிமை. எடை போடுமுன் கேட்காத காகிதத்தை நெல் கிடங்குக்குப் போன பின் கேட்பது முறையும் அல்ல.

பணம் வராவிட்டால் முதலில் வங்கியில் விசாரித்து, தொகை வந்து திரும்பியதா என்று அறியுங்கள். பின்னர் ரசீது நகலுடன் நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் மண்டல அலுவலகத்தில் மனுக் கொடுத்து ஒப்புகை பெறுங்கள். மாவட்ட ஆட்சியரின் திங்கட்கிழமைக் குறைதீர் நாளிலும், விவசாயிகள் குறைதீர் கூட்டத்திலும் அதே மனுவைக் கொடுக்கலாம். அதற்கும் பதில் இல்லையானால், 2005ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டப்படி ரூ.10 கட்டணத்துடன் கழகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதலாம். 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். "ஏன் தரவில்லை" என்று பொதுவாகக் கேட்க வேண்டாம். இந்த ரசீது எண்ணுக்கான தொகை எந்தத் தேதியில், எந்தக் கணக்குக்கு, எந்தப் பரிவர்த்தனை எண்ணில் அனுப்பப்பட்டது, அனுப்பவில்லையெனில் கோப்பு எந்த அலுவலரிடம் உள்ளது என்று கேளுங்கள். பரிவர்த்தனை எண் கைக்கு வந்தால், அதை வங்கிக் கிளை மேலாளரிடம் காட்டி, பணம் எங்கே நிற்கிறது என்பதை அறியலாம்.