பிடித்து நிற்கும் கலை
(கபடி வீரர் சேரலாதனை முன்வைத்து ஓர் ஆய்வு)

இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் (இயற்பியல்)

எந்த விளையாட்டை எடுத்துக்கொண்டாலும் பாராட்டு முதலில் போய்ச் சேருவது தாக்கி ஆடுபவருக்கே. கால்பந்தில் கோல் அடித்தவரையும், கிரிக்கெட்டில் சதம் எடுத்தவரையும் உலகம் தோளில் தூக்குகிறது. தடுத்து நின்றவரின் பெயரைக் கேட்டால் பலர் யோசிப்பர். நம் மண்ணின் கபடியும் இதற்கு விலக்கன்று. பட்டுக்கோட்டையைச் சுற்றியுள்ள ஊர்களில் பொங்கலை ஒட்டி மின்னொளிக் கபடி நடக்கும்போது, பாடிச் செல்பவர் கோட்டைத் தாண்டும்போதே விசில் பறக்கும். அவரை மடக்கிப் பிடித்தவர் மண்ணைத் தட்டிவிட்டுத் தம் மூலைக்குப் போய் நின்றுகொள்வார்.

அந்த மூலையில் நிற்பவரைப் பற்றியதே இக்கட்டுரை. அதற்கு எடுத்துக்காட்டாக நம் தஞ்சை மாவட்டத்தின் திருச்சனம்பூண்டியில் 1975-ஆம் ஆண்டு பிறந்த தர்மராஜ் சேரலாதன் என்னும் வீரரின் விளையாட்டு வாழ்வை எடுத்துக்கொள்கிறேன். இயற்பியல் மாணவன் என்ற முறையில், பிடி என்பது எப்படி நிகழ்கிறது என்பதையும் சிறிது கணக்கிட்டுப் பார்க்க விரும்புகிறேன்.

ஆடுகளமும் காவலரும்

ஆடவர் கபடிக் களம் 13 மீட்டர் நீளமும் 10 மீட்டர் அகலமும் உடையது. அணிக்கு எழுவர். நடுக்கோட்டிலிருந்து 3.75 மீட்டர் தொலைவில் ஒரு கோடு உண்டு. பாடி வருபவர் யாரையும் தொடாமல் திரும்புவதானால், அக்கோட்டையேனும் கடந்தாக வேண்டும். அவருக்குத் தரப்படும் நேரம் 30 விநாடி. எதிரே எழுவரும் வளைந்த சங்கிலிபோல் நிற்பர். இரு ஓரங்களிலும் நிற்பவர்கள் கார்னர் எனப்படும் மூலைக் காவலர்கள். அவர்களுக்குத் துணையாக உள்ளே நிற்பவர்களுள் கவர் எனப்படுவோர் முக்கியமானவர்கள். சேரலாதன் வலது மூலைக் காவலர்.

பிடிப்பவருக்கு உள்ள சிக்கலை ஆட்ட விதியே காட்டிவிடும். பிடித்து நிறுத்தினால் கிடைப்பது ஒரு புள்ளி. பிடி நழுவிப் பாடி வந்தவர் தம் எல்லையைத் தொட்டுவிட்டால், பிடிக்கப் போனவர்கள் அனைவரும் தொடப்பட்டவர்களாகக் கொள்ளப்பட்டு வெளியேறுவர். மூவர் பாய்ந்து மூவரும் நழுவவிட்டால் மூன்று புள்ளிகள் போயின. ஆகவே, பாய்வதற்கு எவ்வளவு துணிவு வேண்டுமோ, பாயாமல் இருப்பதற்கும் அவ்வளவு துணிவு வேண்டும்.

முக்கால் விநாடிக் கணக்கு

75 கிலோகிராம் எடையுள்ள ஒருவர், விநாடிக்கு 4 மீட்டர் வேகத்தில் தம் பக்கம் திரும்பி ஓடுகிறார் என வைத்துக்கொள்வோம். 3.75 மீட்டரைக் கடக்க அவருக்கு ஏறத்தாழ 0.94 விநாடி போதும். கண்ணால் கண்டு கை கால் அசைய மனிதனுக்குச் சுமார் 0.2 விநாடி பிடிக்கிறது. அதற்குள் அவர் 80 சென்டிமீட்டர் போய்விடுவார். மூலைக் காவலருக்கு மிஞ்சுவது முக்கால் விநாடியே.

அடுத்து விசைக்கு வருவோம். அவரது உந்தம் 75-ஐ 4-ஆல் பெருக்க 300 அலகு. அரை விநாடியில் அவரை நிறுத்த வேண்டுமானால் 600 நியூட்டன் விசை தேவை. பிடிப்பவரும் 75 கிலோகிராம் எடையுள்ளவரே. தரைக்கும் காலுக்கும் இடையே உராய்வுக் குணகம் 0.6 எனக் கொண்டால், அவர் கால் வழுக்காமல் தரக்கூடிய விசை ஏறத்தாழ 440 நியூட்டன்தான். ஒருவர் நின்றபடி இழுத்துமட்டும் நிறுத்த முடியாது என்பது இதனால் விளங்குகிறது. இரண்டாமவர் சேர்ந்தால் 880 ஆகிறது, ஆள் நிற்கிறார். மூலைக் காவலர் பிடித்த கணமே கவர் வந்து மோத வேண்டும் என்று பயிற்சியாளர்கள் வற்புறுத்துவதன் பொருள் இதுவே.

தனியாகப் பிடிப்பவர் வேறு வழி பார்க்க வேண்டும். கணுக்கால் பிடி அத்தகையது. உடலின் ஈர்ப்பு மையம் இடுப்புப் பகுதியில் இருக்கிறது. அதற்கு வெகு கீழே, கணுக்காலை நிறுத்திவிட்டால் அடி நிற்கிறது; மேலுடல் முன்னே போகிறது; ஆள் கவிழ்கிறார். ஆனால் நடுக்கோட்டுக்கு அருகில் கவிழ்ந்தால் நீட்டிய கை கோட்டைத் தொட்டுவிடும். எனவே பிடியை எங்கே போடுவது என்பதைவிட எப்போது போடுவது என்பதே பெரிய கேள்வி. பாடி வருபவர் களத்தின் ஆழத்துக்கு வரும்வரை பொறுக்க வேண்டும். அவருடைய கை நம்மை ஏமாற்றும். இடுப்பும் ஊன்றிய காலும் அவ்வளவு எளிதில் ஏமாற்றா. அதைப் படிக்கக் கற்றவருக்கு அந்த 0.2 விநாடி மிச்சமாகிறது. கண் முந்திக்கொண்டால் கால் சற்றுப் பிந்தினாலும் கேடில்லை.

நாற்பத்தொரு வயதில் கோப்பை

இக்கணக்கை மனத்தில் வைத்துக்கொண்டு சேரலாதனின் வாழ்வைப் பார்த்தால் வியப்புக்குக் காரணம் புரியும். புரோ கபடி லீக் தொடங்கியது 2014-ஆம் ஆண்டு ஜூலை மாதம். அப்போது அவருக்கு வயது 39. பல வீரர்கள் ஆட்டத்தை விட்டு விலகும் வயதில்தான், தொலைக்காட்சி வெளிச்சம் அவர்மீது விழுந்தது. பெங்களூரு புல்ஸ் அணியில் ஆடத் தொடங்கிய அவர், 2016-இல் நடந்த நான்காம் தொடரில் பாட்னா பைரேட்ஸ் அணிக்குத் தலைவரானார். அவ்வாண்டு ஜூலை 31 அன்று ஐதராபாத்தில் நடந்த இறுதி ஆட்டத்தில் அவ்வணி ஜெய்ப்பூர் பிங்க் பாந்தர்ஸ் அணியை 37–29 என்ற கணக்கில் வென்றது.

அதே ஆண்டு அக்டோபரில் அகமதாபாத்தில் உலகக் கோப்பைப் போட்டி. முதல் ஆட்டத்தில் தென்கொரியாவிடம் 32–34 எனத் தோற்ற இந்திய அணி, பின்னர் மீண்டெழுந்து, இறுதி ஆட்டத்தில் ஈரானை 38–29 என வென்றது. கோப்பை வென்ற அந்த அணியில் 41 வயதுச் சேரலாதனும் ஒருவர். அணித் தலைவர் அனூப் குமார் அவரைவிட எட்டு வயது இளையவர். வடநாட்டு வீரர்களும் அவரை ‘அண்ணா’ என்றே அழைத்தனர். நம் ஊர்ச் சொல் வடக்கே மரியாதைப் பட்டமாயிற்று.

பின்னர் புனேரி பல்தான், யு மும்பா அணிகளில் ஆடி, 2019-இல் ஹரியானா ஸ்டீலர்ஸ் அணிக்குத் தலைமை ஏற்றார். 2021 இறுதியில் தொடங்கிய எட்டாம் தொடரில் ஜெய்ப்பூர் அணிக்காகக் களம் இறங்கியபோது வயது 46. 2024-இல் தமிழ்த் தலைவாஸ் அணியின் உத்திப் பயிற்சியாளராகப் பொறுப்பேற்றார்.

இதனுடன் இன்னொன்றையும் ஒப்பிட வேண்டும். 2016-இல் அவருடைய தலைமையில் ஆடிய பர்தீப் நர்வால் என்ற 19 வயது இளைஞர், பாடிச் செல்வதில் லீக்கின் மிகப் பெரும் பெயரானவர். அவர் 2025-இல், 28-ஆம் வயதில், ஓய்வை அறிவித்தார். இருவரில் யார் பெரியவர் என்பதன்று என் கேள்வி. பாய்ச்சலை நம்பும் ஆட்டம் முழங்காலோடு முடிந்துவிடலாம். பார்வையை நம்பும் ஆட்டம் வயதோடு வளரவும் கூடும் என்பதே நான் கண்டது.

கடலுக்கு அப்பால்

அமெரிக்கக் கால்பந்து என்றோர் ஆட்டம் உண்டு. பெயர்தான் கால்பந்து, பந்தைக் கையில் ஏந்தி ஓடுவதே பெரும்பகுதி. அணிக்கு 11 பேர். அங்கே தடுப்பதற்கென்றே தனி வீரர்கள் இருக்கிறார்கள். தம் அணி தாக்கும்போது அவர்கள் வெளியே அமர்ந்திருப்பர். அங்கும் புகழ் பந்து எறிபவருக்கே. 1971-இல் அந்நிலை ஒருமுறை மாறியது. மின்னசோட்டா வைகிங்ஸ் அணியின் தடுப்பு வீரர் ஆலன் பேஜ், ஆண்டின் மிகச் சிறந்த வீரர் என்னும் விருதைப் பெற்றார். தடுப்பு வீரர் ஒருவர் அவ்விருதைப் பெற்றது அதுவே முதல் முறை.

அவருடைய வாழ்வில் நமக்கான பாடம் அடுத்துத்தான் வருகிறது. ஆடிக்கொண்டிருக்கும்போதே சட்டம் படித்து 1978-இல் பட்டம் பெற்றார். 1981-இல் ஆட்டத்தை விட்டார். 1993 முதல் 2015 வரை மின்னசோட்டா மாநில உச்சநீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தார்.

நமக்கு என்ன?

எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். என் பெரியப்பா மகன் எங்கள் ஊர் அணியின் மூலைக் காவலர். அவர் பிடித்தால் ஆள் நகர முடியாது. ஊர் ஊராக ஆட்டத்துக்கு அழைத்துப் போனார்கள். வருகைப் பதிவு குறைந்தது. படிப்பு பாதியில் நின்றது. இருபத்திரண்டு வயதில் தோள்மூட்டு விலகியது. இன்று திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கிறார். வீட்டில் அடுக்கி வைத்துள்ள கோப்பைகளைத் துடைக்கும்போதெல்லாம் என் அம்மா, “இத்தனை கோப்பை இருக்கே, இதுல ஒண்ணாச்சும் சோறு பொங்க ஆகுமாடா?” என்பார். அக்கேள்விக்கு என்னால் எளிதில் விடை சொல்ல முடியவில்லை.

விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலை பெற்றவர்கள் உண்டு. லீக்கில் ஏலம் போனவர்களும் உண்டு. ஆனால் அவர்கள் சிலர். மூலையில் நிற்பவர்களோ ஊருக்கு ஊர் பலர். சேரலாதனைக் காட்டி “நீயும் விடாமல் ஆடு” என்று மட்டும் சொல்வது பாதி உண்மையையே சொல்வதாகும். அவருடைய வாழ்வு காட்டும் மறுபாதி, உடம்பைக் காத்துக்கொள்ளவும் காத்திருக்கவும் தெரிந்திருந்தார் என்பது. காயம் ஆறும்முன் அடுத்த ஊர் ஆட்டத்துக்கு இறங்கும் பழக்கம் நம் பக்கத்தில் பெருமையாகக் கருதப்படுகிறது. அது பெருமையன்று, முன்கூட்டிப் பாய்ந்த பிடிக்குச் சமம்.

நம் கல்லூரியிலும் நல்ல பிடி வீரர்கள் இருக்கிறார்கள். மாலையில் களத்துக்குப் போகும் அவர்கள் காலையில் செய்முறை வகுப்புக்கும் வர வேண்டும் என்பது என் வேண்டுகோள். ஆட்ட நாட்களில் விடுபட்ட செய்முறைகளைப் பின்னர் செய்து முடிக்க ஒரு வாய்ப்பு அளித்தால் பலரின் படிப்பு பாதியில் நிற்காது என்பதைப் பேராசிரியப் பெருமக்களிடம் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். பட்டமும் ஒரு பிடிதான். போட்டபின் விட்டுவிடாமல் இருந்தால், தோள் ஓய்ந்த பிறகும் அது நம்மை நிறுத்தும்.