ஜனாதிபதி ஆட்சியில் பாராளுமன்றம் எதற்கு?

ஜனாதிபதியை மக்களே நேரடியாகத் தெரிவுசெய்யும் நாட்டில் பாராளுமன்றம் எதற்கு? அரசறிவியல் கற்கும் எமக்குள் அடிக்கடி எழும் வினா இது. எமது 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பில் நான் கண்ட விடைகள் மூன்று.

முதலாவது, சட்டம். சட்டமியற்றும் அதிகாரம் 225 உறுப்பினர் கொண்ட பாராளுமன்றத்துக்கே உரியது. அரசியலமைப்பைத் திருத்த அவர்களுள் குறைந்தது 150 பேர் ஆதரவாக வாக்களிக்க வேண்டும்.

இரண்டாவது, பணம். 148ஆம் உறுப்புரைப்படி பொதுநிதியின் முழுக் கட்டுப்பாடும் பாராளுமன்றத்திடமே உள்ளது. அது நிதி ஒதுக்காவிட்டால் ஜனாதிபதியின் வாக்குறுதிகள் ஏட்டுச் சுரைக்காய்தான்.

மூன்றாவது, கண்காணிப்பு. ஜனாதிபதி பிரகடனப்படுத்தும் அவசரகால நிலையைப் பாராளுமன்றம் 14 நாட்களுக்குள் அங்கீகரிக்காவிட்டால் அது காலாவதியாகும்.

இந்தச் சபையை ஜனாதிபதி நினைத்தவுடன் கலைத்துவிட முடியுமா? 2018 நவம்பரில், நாலரை ஆண்டுகள் நிறைவடையுமுன் பாராளுமன்றம் கலைக்கப்பட்டது. அது அரசியலமைப்புக்கு முரணானது என டிசம்பர் 13இல் உயர் நீதிமன்றம் ஏகமனதாகத் தீர்ப்பளித்தது.

ஆயினும், அதிகாரம் இருந்தால் மட்டும் போதாது. அதைப் பயன்படுத்தும் துணிவும் வேண்டும். ஒருவர் இரு தடவைகளே ஜனாதிபதியாகலாம் என்ற வரையறையை 2010இல் 18ஆவது திருத்தத்தால் நீக்கியதும் பாராளுமன்றம்தான். 2015இல் 19ஆவது திருத்தத்தால் மீண்டும் கொண்டுவந்ததும் பாராளுமன்றம்தான். சபை அதுவே, உறுப்பினர்களின் முடிவுதான் மாறியது.

தோழியரே, நாளை நாமும் வாக்காளர்கள். பொதுத்தேர்தலில் கட்சிக்கு ஒரு வாக்கும், மூன்று விருப்பு வாக்குகளும் எமக்குண்டு. கையுயர்த்த மட்டுமன்றி, கேள்வி கேட்கவும் தெரிந்தவர்களுக்கு அவற்றை அளிப்போம்.